குப்பையை வைத்து அசைவூட்டப் படம் எடுப்பது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நான் தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில், சாட்ஸ்வொர்த் பகுதியில் வசிக்கிறேன். வீட்டில் சேரும் காலி உறைகள், மூடிகள், தீர்ந்துபோன பேனாக்கள், பால் புட்டிகள் ஆகியவற்றை மேசைமீது வைத்து, சிறிது சிறிதாக நகர்த்திப் புகைப்படம் எடுத்து, குறும்படங்களாக ஆக்குவது பல ஆண்டுகளாக என் வேலையாக இருந்துவருகிறது. சனிக்கிழமைகளில் தமிழ் வகுப்புக்கு வரும் பிள்ளைகளுக்கும் இதைச் சொல்லிக்கொடுக்கிறேன். பிள்ளைகளும் பெற்றோரும் படம் பார்க்க வந்தவர்களும் திரும்பத் திரும்பக் கேட்ட சந்தேகங்களை, அவர்கள் கேட்ட விதமாகவே இங்கே தொகுத்திருக்கிறேன்.

இது என்ன, கார்ட்டூனா? குப்பை எப்படித் தானாக நடக்கிறது?

இது ஸ்டாப் மோஷன் எனப்படும் அசைவூட்ட முறை. ஒரு பொருளை வைத்து ஒரு படம் எடுக்கிறோம். கையால் அதைச் சில மில்லிமீட்டர் நகர்த்தி அடுத்த படம் எடுக்கிறோம். இப்படி எடுத்த படங்களை வேகமாக ஓட்டினால் பொருள் தானே நகர்வதுபோலக் கண்ணுக்குத் தெரியும். கார்ட்டூனில் ஒவ்வொரு நிலையும் வரையப்படுகிறது. இங்கே வரைதல் கிடையாது. உண்மையான பொருள் அதன் கீறலோடும் கறையோடும் ஒளிப்படக் கருவியின் முன்னால் இருக்கிறது.

ஒரு நிமிடப் படத்துக்கு எத்தனை போட்டோ எடுக்க வேண்டும்?

திரைப்படம் வினாடிக்கு 24 சட்டகங்கள் (ஃபிரேம்கள்) ஓடும். ஒவ்வொரு படத்தையும் இரண்டு சட்டகங்களுக்கு நிறுத்திவைத்தால் வினாடிக்கு 12 படங்கள் போதும். அப்படியானால் ஒரு நிமிடத்துக்கு 720 படங்கள். பிள்ளைகள் இதைக் கேட்டதும் முகம் வாடிப்போகிறார்கள். ஆனால் 10 வினாடிப் படத்துக்கு 120 படங்கள்தாம், அதை இரண்டு பேர் சேர்ந்து ஒரு பகற்பொழுதில் முடித்துவிடலாம். தனியாக வேலை செய்யும்போது ஒரு மாலையில் 4 வினாடி கிடைத்தால் நான் மனநிறைவோடு விளக்கை அணைக்கிறேன்.

களிமண் பொம்மை வைத்து எடுத்தால் அழகாக இருக்குமே, ஏன் குப்பை?

களிமண் பொம்மைக்கு நாம் சொல்லும் கதையைத் தவிர வேறு கதை கிடையாது. ஒரு காலி ஷாம்பு புட்டிக்கு ஏற்கெனவே ஒரு வாழ்க்கை இருந்திருக்கிறது. எண்ணெய்க்கிணற்றில் தொடங்கி, ஆலைக்கும் கடைக்கும் போய், நம் குளியலறையில் சில வாரங்கள் நின்ற பொருள் அது. அதன் அடியில் தண்ணீர் ஊற்றி ஆட்டி, கடைசிச் சொட்டு வரை பிழிந்தவர்கள் நாம்தான். அதைத் திரையில் காணும் எவரும் தம் வீட்டுப் புட்டியை அடையாளம் கண்டுகொள்கிறார்கள். அந்த அடையாளம் காணுதலுக்காகவே நான் குப்பையைப் பயன்படுத்துகிறேன்.

வேறொரு காரணமும் உண்டு. என் ஆயாவின் (பாட்டியின்) வீட்டில் மண்ணெண்ணெய் டின் காலியானால் தண்ணீர் பிடிக்கும் பாத்திரமாகும், ஓட்டை விழுந்தால் கறிவேப்பிலைக் கன்று வைக்கும் தொட்டியாகும். மாவு மூட்டையின் துணியைத் துவைத்து வெளுத்துப் பிள்ளைகளுக்குச் சட்டை தைத்தார்கள். 1860 முதல் சென்னையிலிருந்து கப்பலேறி வந்து கரும்புத் தோட்டங்களில் ஒப்பந்தக் கூலிகளாக உழைத்தவர்களின் வழிவந்த பல குடும்பங்களில் இப்படித்தான் இருந்தது. வறுமை அதற்குக் காரணம் என்பதை நான் மறைக்கவில்லை. ஆனாலும் ஒரு பொருளைத் தூக்கி எறியும் முன் அதைக் கையில் வைத்து ஒரு நிமிடம் பார்க்கும் பழக்கம் அவர்களிடம் இருந்தது. ஒரே பொருளை 120 முறை தொட்டு நகர்த்தும்போது அந்தப் பார்வை எனக்கும் திரும்பக் கிடைக்கிறது.

குப்பை லாரி வந்து எடுத்துப்போன பிறகு அது நம் பிரச்சினை இல்லையே?

டர்பனில் வாழ்பவர்கள் இப்படிக் கேட்கும்போது நான் இந்நகரின் கிளேர் எஸ்டேட் பகுதியை நினைவூட்டுகிறேன். நிறவெறி ஆட்சிக் காலத்தில், இந்தியர்களுக்கென ஒதுக்கப்பட்ட குடியிருப்பு நடுவே, 1980-இல் பிசசார் சாலைக் குப்பைமேடு திறக்கப்பட்டது. ஆப்பிரிக்காவின் மிகப் பெரிய குப்பைமேடுகளில் ஒன்றாக அது வளர்ந்தது. அதற்கு எதிரே வீடு இருந்த சஜிதா கான் அதை மூடச் சொல்லிப் பல ஆண்டுகள் போராடி, 2007-இல் புற்றுநோயால் இறந்தார். குப்பையிலிருந்து வரும் மீத்தேன் வாயுவை எடுத்து மின்சாரம் செய்யும் திட்டம் அங்கே வந்தபோது, அதனால் மேடு மூடப்படாமலே நீடிக்கும் என்று அவர் எதிர்த்தார்.

லாரி எடுத்துப்போகும் குப்பை யாரோ ஒருவருடைய சன்னலுக்கு எதிரே போய்ச் சேர்கிறது. அது எவருடைய சன்னல் என்பதை இந்த நாட்டில் நீண்ட காலம் தோலின் நிறமே தீர்மானித்தது.

எந்தப் பொருளை வைத்து ஆரம்பிப்பது? வீட்டில் எல்லாமே குப்பையாகத் தெரிகிறது.

ஒரே வகைப் பொருளைத் தேர்ந்தெடுத்து, அதை மட்டும் சேருங்கள். ரொட்டிப் பையின் வாயைப் பிடித்துக்கொள்ளும் பிளாஸ்டிக் கிளிப்பை நான் சிபாரிசு செய்கிறேன். கட்டைவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரியது, தட்டையானது, மேசையில் படுத்துக்கிடக்கும், சாய்ந்து விழாது. வெள்ளை, நீலம், பச்சை, சிவப்பு என்று நிறம் மாறும். நடுவிலுள்ள சிறு வாயின் ஓரங்களில் இரண்டு பற்கள். பலமுறை திறந்து மூடிய கிளிப்பில் ஒரு பல் முறிந்திருக்கும், அந்த இடத்தில் பிளாஸ்டிக் வெளுத்துப்போயிருக்கும்.

நான் ஓராண்டு முழுவதும் எங்கள் வீட்டுக் கிளிப்புகளைச் சேர்த்து, ரொட்டி வாங்கிய நாளை ஒவ்வொன்றின் பின்புறத்திலும் பேனாவால் எழுதிவைத்தேன். வாரத்துக்குச் சராசரியாக மூன்று ரொட்டி வாங்கும் வீட்டில் ஆண்டுக்கு 156 கிளிப்புகள் சேரும். அவற்றை நாள் வரிசையில் ஒரே இடத்தில் ஒன்றன்பின் ஒன்றாக வைத்து, ஒன்றுக்கு ஒரு படம் என எடுத்தால் ஓட்டம் 13 வினாடி. ஒரு குடும்பம் ஓராண்டு தின்ற ரொட்டி 13 வினாடியில் கண்முன்னால் துடித்து ஓடி முடிகிறது. விருந்தினர் வந்து தங்கிய டிசம்பர் மாதம் கொஞ்சம் நீள்வதையும், என் அத்தை இறந்த வாரத்தில், துக்கத்துக்கு வந்தவர்களுக்காக வாங்கிய ரொட்டிகளால், ஒரே தேதியில் ஒன்பது கிளிப்புகள் வருவதையும் அதில் காணலாம். கதை எழுதாமலே கதை வந்த படம் அது.

ஆன்ட்டி, பாட்டிலுக்குக் கண்ணும் வாயும் ஒட்டினால் பிள்ளைகளுக்குப் பிடிக்குமே, ஏன் வேண்டாம் என்கிறீர்கள்?

கண் ஒட்டியதும் புட்டி ஒரு பொம்மையாகிவிடுகிறது. பார்ப்பவர்கள் அதன் முகத்தை மட்டும் பார்க்கிறார்கள், அது என்ன பொருள் என்பதை மறந்துவிடுகிறார்கள். இந்த ஒரு விஷயத்தில் நான் விட்டுக்கொடுப்பதில்லை. பொருளுக்கு உயிர் அதன் அசைவிலிருந்தே வர வேண்டும். நிரம்பிய புட்டி மெதுவாகக் கிளம்பும், நிற்கும்போதும் மெதுவாக நிற்கும். காலிப் புட்டி சட்டென்று கிளம்பும், நின்ற பிறகும் சில முறை ஆடும். எடையை இப்படிக் காட்டிவிட்டால் கண் தேவைப்படாது. நகர்த்தும் தூரத்தை 1, 2, 4, 8 மில்லிமீட்டர் எனக் கூட்டிக்கொண்டு போய், அதே போலக் குறைத்து நிறுத்திப் பாருங்கள். புட்டி தானே முடிவெடுத்து நடந்ததுபோல இருக்கும்.

சில பொருள்கள் நம் கைக்கே காத்திருப்பதில்லை. உருளைக்கிழங்கு வறுவல் பாக்கெட்டைக் கையில் கசக்கி மேசையில் வைத்தால், அது மெல்லச் சரசரத்துக்கொண்டு தானாக விரியத் தொடங்கும். அதைத் தொடாமல், இரண்டு வினாடிக்கு ஒரு படம் வீதம் எடுத்துக்கொண்டிருங்கள். திரையில் அது மூச்சு இழுப்பதுபோல இருக்கும். எங்கள் வகுப்பில் இதைப் பார்த்த எட்டு வயதுப் பெண் ஒருத்தி, "இது சாகமாட்டேன் என்கிறது" என்றாள். அந்தப் பாக்கெட்டைப் பற்றி நான் அதைவிடச் சரியாக எதையும் சொல்லியதில்லை.

பெரிய கேமரா வேண்டுமா? நடுவில் கரண்ட் போனால் எடுத்ததெல்லாம் வீணா?

கைபேசி போதும். அது அசையாமல் இருக்க ஒரு தாங்கி வேண்டும். இல்லாவிட்டால் இரண்டு அரிசி டின்களுக்கு நடுவே நிறுத்தி ரப்பர் பட்டையால் கட்டுங்கள். முந்தைய படத்தை மங்கலாகக் காட்டும் வசதியுள்ள ஸ்டாப் மோஷன் செயலி ஒன்றை இறக்கிக்கொண்டால், எவ்வளவு நகர்த்தினோம் என்பது தெரியும்.

மின்வெட்டு பற்றி இந்த நாட்டில் எல்லாரும் கேட்பது இயல்பே. நான் மின்கலத்தில் எரியும் எல்.இ.டி. விளக்கு இரண்டை வைத்திருக்கிறேன். லோட் ஷெடிங் எனப்படும் அட்டவணையிட்ட மின்வெட்டு நடந்த ஆண்டுகளில், அந்த அட்டவணையைப் பார்க்காமலே வேலை செய்ய முடிந்தது அதனால்தான். சூரிய ஒளியை நம்ப வேண்டாம். ஒரு மேகம் கடந்தால் 20 படங்களின் நிறம் மாறிவிடும்.

படம் மினுமினுக்கிறது, பொருள் வழுக்குகிறது. என்ன தப்பு செய்கிறேன்?

மினுமினுப்புக்குப் பெரும்பாலும் மூன்று காரணங்கள். கைபேசி தானாக வெளிச்ச அளவை மாற்றிக்கொண்டிருக்கும். அதையும் நிறச் சமநிலையையும் குவியத்தையும் பூட்டிவிடுங்கள். சன்னல் திறந்திருக்கும், திரை போடுங்கள். மூன்றாவதைப் பலர் கவனிப்பதில்லை: நாம் வெள்ளைச் சட்டை போட்டிருந்தால், குனியும்போதும் நிமிரும்போதும் அதன் வெளிச்சம் பொருள்மேல் விழும். கறுப்பு உடை அணிந்து, ஒவ்வொரு படத்துக்கும் ஒரே இடத்தில் நில்லுங்கள்.

வழுக்கும் பொருளின் அடியில் மிளகு அளவு பிரெஸ்டிக் (ஒட்டிவிட்டு மீண்டும் எடுத்துவிடக்கூடிய, பிசைமாவு போன்ற ஒட்டுப்பொருள்) வைத்து அழுத்துங்கள். பசை வேண்டாம், பசை போட்டால் அந்தப் பொருளை மறுசுழற்சிக்குக் கொடுக்க முடியாமல் போகலாம்.

கழுவிவிட்டுத்தான் எடுக்க வேண்டுமா? பிள்ளைகள் தொடலாமா?

உணவு இருந்த எதையும் கழுவிக் காயவையுங்கள். லேபிளையும் கீறல்களையும் மட்டும் அப்படியே விடுங்கள். மருந்து அட்டை, ஊசி, பூச்சிமருந்துப் புட்டி, உடைந்த கண்ணாடி, பேட்டரி ஆகியவை பிள்ளைகளின் மேசைக்கு வரக் கூடாது. பிளாஸ்டிக்கை எரித்தோ உருக்கியோ உருமாற்றுவதைக் காட்ட ஆசைப்படும் பெரிய பையன்கள் எப்போதும் இருப்பார்கள். அதன் புகை நஞ்சு. எங்கள் வகுப்பில் அதற்கு அனுமதி கிடையாது.

கடற்கரையில் கிடைக்கும் அந்த வெள்ளை மணிகளை வைத்து எடுக்கலாமா?

அவற்றுக்கு நர்டில் என்று பெயர். பெரும்பாலான பிளாஸ்டிக் பொருள்கள் இந்த மணிகளை உருக்கித்தான் செய்யப்படுகின்றன. 2017 அக்டோபர் 10 அன்று டர்பன் துறைமுகத்தில் வீசிய புயலில் கொள்கலன்கள் தண்ணீரில் விழுந்து, ஏறக்குறைய 49 டன் நர்டில் கடலில் கொட்டியது. தன்னார்வலர்கள் சல்லடைகளோடு கடற்கரைக்குப் போய் மண்ணைச் சலித்தார்கள். இன்றும் அலை விட்டுச்சென்ற பாசி வரிசையைக் கிளறினால் ஒன்றிரண்டு அகப்படுகிறது. உள்ளங்கையில் வைத்துப் பார்த்தால் ஊறவைத்த ஜவ்வரிசி போலவே இருக்கும். ஓரம் மழுங்கி, பாதி ஒளி ஊடுருவும். மீன்களும் பறவைகளும் அதை முட்டை என்று நினைத்து விழுங்குவதில் வியப்பில்லை.

எடுக்கலாம், கட்டுப்பாட்டோடு. கடல்நீரில் கிடந்த நர்டில் நஞ்சுகளைத் தன்மேல் ஈர்த்து வைத்திருக்கும்; ஆகவே கையுறை அவசியம், சிறு பிள்ளைகளிடம் கொடுக்க வேண்டாம். கரையுள்ள தட்டில் மட்டுமே பரப்புங்கள், ஒன்றுகூடத் தரையில் உருண்டு கழிவுநீர்க் குழாய்க்குப் போகக் கூடாது. நான் கண்ணாடித் தட்டின் கீழே விளக்கு வைத்து, நீர்வண்ணத் தூரிகையால் மணிகளைத் தள்ளி எடுக்கிறேன். மணல் அசைவூட்டத்தில் மணல் சொன்ன இடத்தில் நிற்கும், இவை உருளும். புள்ளிக்கோலம் ஒன்றை நர்டிலால் இட்டு, இழைகள் ஒவ்வொன்றாக அவிழ்ந்து மணிகள் திரையின் ஓரத்துக்கு உருண்டு மறைவதாக எடுத்தேன். 11 வினாடிக்கு ஐந்து வாரங்கள் ஆயின. கோலத்துக்கு அரிசிமாவு இடுவதே எறும்பும் குருவியும் உண்ணட்டும் என்பதற்காக. அந்தப் புள்ளிகளின் இடத்தில் எந்த உயிரும் செரிக்க முடியாத ஒன்று உட்கார்ந்திருந்ததை மேசையில் குனிந்தபடி அத்தனை நாள் பார்த்துக்கொண்டிருந்தது எனக்கு வலித்தது.

தென்னாப்பிரிக்காவில் வேறு யார் இப்படிச் செய்கிறார்கள்?

ஜோகன்னஸ்பர்க்கில் 1955-இல் பிறந்த வில்லியம் கென்ட்ரிட்ஜ் குப்பைக் கலைஞர் அல்லர். கரியால் ஒரே தாளில் வரைந்து, படமெடுத்து, அழித்து, மீண்டும் வரைகிறார். 1989 முதல் இம்முறையில் குறும்படங்களைச் செய்துவந்திருக்கிறார். அழித்த கோடு தாளில் மங்கலாகத் தங்கிவிடும். முன்பு இருந்தது முழுவதும் மறைந்துபோகாது. என் கிளிப்பில் முறிந்த பல்லை நான் மறைக்காமல் விடுவதற்கு அவர் படங்களே வழிகாட்டின. எம்போங்கெனி புத்தெலெசி பிளாஸ்டிக் உறைகளை மின்சார வெப்பக்காற்றுக் கருவியால் உருக்கி ஓவியம் தீட்டுகிறார். எண்ணெய் வண்ணம் வாங்கப் பணமில்லாத நாள்களில் தொடங்கிய வழக்கம் அது. மேலே உருக்க வேண்டாம் என்று சொன்னது பிள்ளைகளுக்கு. அவர் தம் தொழிலறிந்த கலைஞர்.

வெளிநாட்டில் ஒருவரைச் சொல்வதானால் செக் நாட்டு யான் ஷ்வாங்க்மையெர். 1982-இல் வந்த அவருடைய குறும்படம் ஒன்றில், காய்கறிகளாலும் சமையலறைச் சாமான்களாலும் ஆன தலைகள் ஒன்றையொன்று விழுங்கித் துப்பிக் கூழாக்குகின்றன.

கோயில் விசேஷத்துக் கப்புகளைப் படம் எடுத்தால் பெரியவர்கள் கோபித்துக்கொள்ள மாட்டார்களா?

கோபித்துக்கொண்டார்கள். மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றும் நாளில் ஒரு கோயிலில் பயன்பட்ட தெர்மோகோல் கப்புகளைக் கேட்டு வாங்கிவந்து, அவற்றை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, கோபுரம் எழும்பிச் சரிவதாக எடுத்திருந்தேன். படத்தைப் பார்த்த பெரியவர் ஒருவர், "எங்களைக் குற்றவாளியாக்குகிறாயா, அம்மா?" என்று கேட்டார். அந்தக் கேள்வி நியாயமானது. கோபுரம் சரிவதாகக் காட்டியது என் தவறு. பக்தியையே நான் இடித்துக் காட்டியதாக அது பொருள்பட்டது.

அந்த முடிவை நீக்கிவிட்டு வேறு விதமாக எடுத்தேன். கப்புகளின் உள்ளே கூழ் காய்ந்து படிந்த வளையங்கள் ஒவ்வொன்றிலும் வேறு உயரத்தில் இருந்தன. குழந்தை பாதியில் வைத்துவிட்டது, வழித்துக் குடித்தது, யாரோ விரலால் துடைத்தது எல்லாம் தெரிந்தது. கழுவ வேண்டும் என்று மேலே சொன்னதற்கு இது ஒன்றே விதிவிலக்கு. அந்த வளையங்களை உயர வரிசையில் அடுக்கி எடுத்தபோது கூழ் ஏறி இறங்குவதாக வந்தது. அதே பெரியவர் அதை இரண்டு முறை போடச் சொல்லிப் பார்த்தார். வீட்டிலிருந்து எவர்சில்வர் டம்ளர் கொண்டுவரச் சொல்லலாமா என்ற பேச்சைப் பிறகு அவரே எடுத்தார்.

கம்பெனி லேபிள் தெரிந்தால் கேஸ் போடுவார்களா?

நான் வழக்கறிஞர் அல்லேன். தெரிந்த ஒரு முன்னுதாரணத்தைச் சொல்கிறேன். ஒரு பீர் முத்திரையைத் திரித்து, கறுப்பினத் தொழிலாளர் சுரண்டலைச் சுட்டும் சொற்களோடு டி-சட்டை அச்சிட்டவர்கள்மீது அந்த நிறுவனம் வழக்குத் தொடுத்தது. 2005-இல் தென்னாப்பிரிக்க அரசியலமைப்பு நீதிமன்றம் சட்டைக்காரர்கள் பக்கம் தீர்ப்பளித்தது. முத்திரைக்குப் பொருளாதார நட்டம் ஏற்படும் என்று நிறுவனம் நிரூபிக்கவில்லை என்பது முக்கியக் காரணம். எதை வேண்டுமானாலும் செய்யலாம் என்று அதற்குப் பொருள் கொள்ளக் கூடாது. வீட்டில் வாங்கிய பொருளை உள்ளபடி காட்டுவதோடு நான் நிறுத்திக்கொள்கிறேன். பொய்யான குற்றச்சாட்டு எதையும் அதன்மேல் ஏற்றுவதில்லை. காசுக்காகப் படத்தை விற்பதானால் சட்டம் தெரிந்தவரிடம் கேட்டுவிடுங்கள்.

குப்பை பொறுக்குகிறவர்களையும் படத்தில் காட்டினால் உருக்கமாக இருக்குமே?

உருக்கத்துக்காக என்றால் வேண்டாம். விடியுமுன் தள்ளுவண்டியோடு வந்து நம் பைகளைத் திறந்து, எது விற்கும், எது விற்காது என்று தொட்டவுடன் அறிபவர்கள் அவர்கள். புட்டியின் அடியில், பிளாஸ்டிக் வகையைக் குறிக்கும் முக்கோணத்தில் 1 என்றிருந்தால் எடுப்பார்கள், 6 என்றிருந்தால் பெரும்பாலும் விட்டுவிடுவார்கள் என்பதை நான் எங்கள் தெருவுக்கு வருபவரிடம்தான் கற்றேன். அவருடைய முகத்தை நான் படமெடுக்கவில்லை. எந்தப் பொருள் எந்த வரிசையில் வண்டிக்குப் போகிறது என்று அவர் சொல்லச் சொல்ல மேசையில் அமைத்துப் படமாக்கி, அவருக்குரிய கூலியைக் கொடுத்தேன். எஞ்சியவை மேசையிலேயே கிடக்கும் கடைசிக் காட்சி அவர் யோசனை.

கம்பெனிகள் செய்வதை நிறுத்தாமல், நாம் படம் எடுத்து என்ன பயன்?

இந்தத் தொகுப்பில் நான் அதிகம் யோசித்த கேள்வி இதுவே. தென்னாப்பிரிக்காவில் வேலிக்கம்பிகளிலும் முள்மரங்களிலும் சிக்கிப் படபடத்த கடைப் பைகளை ஒரு காலத்தில் தேசிய மலர் என்று சொல்வார்கள். 2003 மே மாதம் மிக மெல்லிய பைகள் தடை செய்யப்பட்டு, பைக்கு விலை வைக்கப்பட்டது. பயன்பாடு முதலில் சடசடவென்று குறைந்தது. சில காலத்தில் மக்கள் அந்தக் காசுக்குப் பழகிவிட, மீண்டும் ஏறியது. பொதிபொருள் தயாரிப்பவர்களே கழிவுக்குப் பொறுப்பேற்க வேண்டும் என்ற விதிகள் 2021-இல் நடைமுறைக்கு வந்தன. சட்டம் செய்யும் வேலையை ஒரு குறும்படம் செய்யாது. அதனால் நானும் பிள்ளைகளும் படத்தோடு நிற்காமல், கருத்துக் கேட்கும் போதெல்லாம் அரசுக்கு எழுதுகிறோம்.

ஆனால் காசுக்குப் பழகிப்போனது போலவே கண்ணும் பழகிப்போகிறது. பழகிய கண்ணுக்கு முன்னால் அதே பையை வேறு வேகத்தில் அசையச் செய்வது எனக்குத் தெரிந்த தொழில். எங்கள் ரொட்டிக் கிளிப் படத்தைப் பார்த்தவர்களில் பலர் அடுத்த வாரம் தம் வீட்டுக் கிளிப்புகளை உறையில் போட்டுக் கொண்டுவந்து கொடுத்தார்கள். ஒருவரும் அதற்காகக் கேட்டுக்கொள்ளப்படவில்லை.

படம் முடிந்ததும் அந்தக் குப்பையை என்ன செய்கிறீர்கள்? கடைசியில் அதுவும் குப்பைத்தொட்டிக்குத்தானே?

ஒரு பகுதி ஆம், அதை நான் மறுக்க முடியாது. பால் புட்டியும் அட்டையும் மறுசுழற்சிக்குப் போகின்றன. ரொட்டிக் கிளிப்புகளைச் சேர்த்து விற்று, அந்தப் பணத்தில் சக்கர நாற்காலி வாங்கிக்கொடுக்கும் முயற்சி 2006 முதல் தென்னாப்பிரிக்காவில் நடந்துவருகிறது. தேதி எழுதிய அந்த ஆண்டுக் கிளிப்புகளைத் தவிர மற்றவற்றை அதற்குக் கொடுக்கிறேன். தெர்மோகோல் கப்புகளை எடுத்துக்கொள்ள எங்கள் பகுதியில் ஒருவரையும் நான் கண்டுபிடிக்கவில்லை. நர்டில் மணிகள் இறுக மூடிய ஊறுகாய்ப் புட்டி ஒன்றில் என் அலமாரியில் இருக்கின்றன. கப்புகள் கழுவப்பட்டு, அடுக்கடுக்காகக் கட்டிலுக்கு அடியில் இருக்கின்றன, அடுத்த படத்துக்காக.